செல்ஃப் எடுக்காத படகும் சாவி சுவிட்சும்

சாவியைத் திருப்பியும் செல்ஃப் எடுக்கவில்லை என்றால் உடனே சுவிட்ச் வாங்க ஓடாதீர்கள். காசிமேட்டில் படகு வயரிங் வேலை பார்க்கிறவன் நான். நல்ல சுவிட்சைக் கழற்றிப் போட்டுவிட்டு, பழுதைப் படகிலேயே வைத்துக்கொண்டு கடலுக்குப் போகிறவர்களை ஒவ்வொரு சீசனிலும் பார்க்கிறேன். நடுக்கடலில் நின்றால் வேறு படகு வந்து கயிறு கட்டி இழுத்துவர வேண்டும். அந்த டீசல் செலவும், ஐஸ் உருகிக் கெடும் மீனும் யார் தலையில் விழும்?

முதலில் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள். செல்ஃப் மோட்டாரைச் சுற்றவைக்கிற பெரிய கரண்ட் சாவி வழியாகப் போவதில்லை. அது பாட்டரியிலிருந்து தடித்த கேபிளில் போகிறது. அந்தக் கேபிளை மோட்டாரோடு சேர்க்கும் மின்காந்த சுவிட்சான சொலினாய்டை இழுக்கவைக்கும் கரண்டை மட்டும்தான் சாவி கொடுக்கிறது. அதனால் திருப்பும்போது ‘டக் டக்’ என்று சத்தம் வந்தால் சாவி பெரும்பாலும் தன் வேலையைச் செய்துவிட்டது. பாட்டரி டெர்மினலையும் கேபிளையும் எர்த்தையும் பாருங்கள். பேனல் விளக்கு பளிச்சென்று எரிந்தும் சத்தமே இல்லை என்றால்தான் சுவிட்சைச் சந்தேகப்பட வேண்டும்.

சந்தேகத்தை மீட்டர் தீர்த்துவைக்கும். கியர் நியூட்ரலில் இருக்கட்டும், பெல்ட் பக்கம் யாரும் நிற்க வேண்டாம். முழு சார்ஜில் 12 வோல்ட் பாட்டரி 12.6 வோல்ட் காட்டும், 24 வோல்ட் செட் 25.2 காட்டும். மீட்டரின் கறுப்பு முனையை எர்த்தில் வைத்து, சிவப்பை சுவிட்சின் பின்னால் 30 அல்லது பி என்று போட்டிருக்கும் முனையில் வையுங்கள். அங்கே வோல்ட்டே இல்லை என்றால் ஃபியூஸும் வயரும்தான் பழுது. இருந்தால், ஒருவரைச் சாவியைத் திருப்பிப் பிடிக்கச் சொல்லிவிட்டு 50 அல்லது எஸ்டி முனையில் பாருங்கள். 30இல் நன்றாக வந்து 50இல் ஒன்றும் வராவிட்டால், அல்லது இரண்டுக்கும் நடுவே ஒரு வோல்ட்டுக்கு மேல் வித்தியாசம் இருந்தால், சுவிட்ச் போய்விட்டது. 50இலும் முழுசாக வந்து செல்ஃப் அசையவில்லை என்றால், சொலினாய்டுக்குப் போகும் வயரைப் பிடித்துக்கொண்டே போங்கள்.

நம் பக்கம் சுவிட்ச் சாவது பின்னாலிருந்துதான். முன்னால் சாவித் துவாரம் பளபளவென்று இருக்கும். டேஷ்போர்டைக் கழற்றினால் வயர் நுனியை முனையில் மாட்டும் லக்கெல்லாம் பச்சைக் களிம்பு பூத்திருக்கும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் பெயின்ட் அடிக்கிறோம், வலை சரிபார்க்கிறோம், டேஷ்போர்டை மட்டும் யாரும் திறப்பதில்லை. அந்தச் சமயத்தில் திறந்து பாருங்கள். மாற்றுகிற வேலையையும் அப்போதே நிதானமாக முடித்துவிடலாம்.

வாங்கப் போகும்போது பழைய சுவிட்சைக் கையோடு எடுத்துப் போங்கள். மண்ணடி, பாரிமுனைக் கடைகளில் பார்வைக்கு ஒரே மாதிரி நிறைய கிடைக்கும். முனைகள் எத்தனை, துவாரத்தின் அளவு என்ன, ஸ்டார்ட்டுக்கு முன் எஞ்சினைச் சூடாக்கும் ஹீட்டர் நிலை உண்டா என்று ஒப்பிட்டு வாங்குங்கள். ரப்பர் மூடி உள்ளதாக இருந்தால் நல்லது.

கழற்றுமுன் பாட்டரியின் நெகட்டிவை முதலில் எடுங்கள். திரும்ப மாட்டும்போது அது கடைசி. அப்புறம் சுவிட்சின் பின்பக்கத்தை ஃபோனில் படம் எடுத்துவிட்டு, ஒவ்வொரு வயரிலும் டேப் ஒட்டி முனையின் எண்ணை எழுதுங்கள். வயரின் நிறத்தை மட்டும் நம்பாதீர்கள். பழைய படகில் எத்தனை கை பட்டிருக்கும், கிடைத்த நிறத்தில் இழுத்திருப்பார்கள்.

இனிச் சொல்வதில்தான் வேலையின் ஆயுளே இருக்கிறது. பழைய லக்கை அப்படியே புது சுவிட்சில் மாட்டாதீர்கள். வயரின் நுனியை வெட்டி, உள்ளே செம்பு பளிச்சென்று தெரியும் வரை பின்னால் போங்கள். கறுத்திருந்தால் இன்னும் வெட்டுங்கள். வயர் குட்டையாகிவிட்டால் இழுத்துக் கட்டாமல் புதிதாகவே போடுங்கள். ஈயம் பூசிய செம்பு வயர் கிடைத்தால் காசு பார்க்க வேண்டாம். லக்கை கிரிம்பிங் பிளையரால் அழுத்துங்கள், கட்டிங் பிளையரால் நசுக்காதீர்கள். பிறகு கையால் இழுத்துப் பாருங்கள். கழன்று வந்தால் இப்போதே வரட்டும். மேலே, உள்ளே பசை உள்ள, சூட்டில் சுருங்கும் ஹீட் ஷ்ரிங்க் ஸ்லீவ் போட்டுச் சூடாக்கினால் ஓரத்தில் பசை பிதுங்கும். அதற்குப் பிறகு உப்புத் தண்ணீர் நுழைய வழியில்லை. வயரை சுவிட்சுக்குக் கீழே கொஞ்சம் தொங்கவிட்டு மேலே ஏற்றுங்கள், வயரில் வழிகிற தண்ணீர் அடியிலேயே சொட்டிவிடும்.

ஃபைபர் படகின் பின்னால் மாட்டும் அவுட்போர்டு எஞ்சின் வைத்திருப்பவர்கள் இந்தக் கணக்கை அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. யமஹாவில் வெள்ளை வயரும் கறுப்பு வயரும் சேர்ந்தால்தான் எஞ்சின் நிற்கும். ஆஃப் நிலையில் அந்த இரண்டையும் சேர்க்கிற சுவிட்ச்தான் அதற்கு வேண்டும். லாரி சுவிட்சை மாட்டினால் ஸ்டார்ட் ஆகும், சாவியில் நிற்காது. படகில் பெட்ரோல் வாசம் அடிக்கும்போது பாட்டரியைத் தொடாதீர்கள், முதலில் காற்றோட்டம் வரட்டும்.

மாட்டி முடித்ததும் நாலைந்து தடவை ஸ்டார்ட் செய்து சுவிட்சின் பின்னால் தொட்டுப் பாருங்கள். சூடாக இருந்தால், எஞ்சினின் சொலினாய்டு அந்தச் சுவிட்ச் தாங்குவதைவிட அதிகம் இழுக்கிறது. பெரிய டீசல் எஞ்சின்களில் இது சகஜம். சாவிக்கும் சொலினாய்டுக்கும் நடுவில் ஒரு ஸ்டார்ட்டர் ரிலே வைத்துவிடுங்கள். அதற்குப் பின் சாவி வழியாகப் போவது ரிலேயை இழுக்கும் சின்னக் கரண்ட் மட்டும்தான். இரண்டாவது சாவியை வலையின் மிதவைத் துண்டு ஒன்றில் கட்டி கேபினில் மாட்டுங்கள், கைதவறி விழுந்தாலும் மிதக்கும்.