பல்செட் அணிபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கழற்றி மாட்டும் பல்செட் பொருத்திய பிறகு பல் மருத்துவரிடம் போக வேண்டிய தேவையே இல்லை என்று நம் வீட்டுப் பெரியவர்கள் பலர் நம்புகிறார்கள். மற்ற தவறுகளில் பெரும்பாலானவை இந்த நம்பிக்கையிலிருந்தே பிறக்கின்றன. பல் எடுத்த இடத்தில் தாடை எலும்பு ஆண்டுக்காண்டு கரைந்துகொண்டே வருவதால், முதலில் கச்சிதமாக உட்கார்ந்த செட் சில ஆண்டுகளில் ஆடத் தொடங்குகிறது. அப்போது மருத்துவர் அதன் அடிப்பகுதியை மட்டும் இன்றைய ஈறின் வடிவத்துக்கேற்பத் திருத்தித் தர முடியும். பல நேரங்களில் புதிய செட்டே தேவைப்படாது.

ஆனால் வீடுகளில் நடப்பது வேறு. ஈறில் குத்தும் ஓரத்தை அரத்தாலும் பிளேடாலும் சுரண்டுகிறார்கள். விரிசல் விட்டால் கடையில் விற்கும் உடனடிப் பசையால் ஒட்டுகிறார்கள். அந்தப் பசை வாய்க்குள் வைப்பதற்காகத் தயாரிக்கப்பட்டதல்ல. மேலும், ஒட்டிய இடம் இம்மி விலகினாலும் கடிக்கும் அழுத்தம் முழுவதும் ஈறின் ஒரே இடத்தில் விழுந்து புண்ணாகிவிடும். பல்செட்டுக்கென்றே விற்கப்படும் பிடிமானப் பசையையும் அளவின்றிப் பூசக் கூடாது. துத்தநாகம் கலந்த பசையை ஆண்டுக்கணக்கில் அளவுக்கு மீறிப் பயன்படுத்திய சிலருக்கு உடலில் தாமிரச் சத்து குறைந்து, கால் மரத்துப் போதல், நடை தடுமாற்றம் போன்ற நரம்புப் பாதிப்புகள் ஏற்பட்டிருக்கின்றன. பசை கூடுதலாகத் தேவைப்படுகிறது என்றாலே செட் பொருந்தவில்லை என்று பொருள்.

சுத்தம் செய்வதில் நேரும் தவறுகள் எளிதில் திருத்தக்கூடியவை. பற்பசையிலுள்ள நுண்துகள்கள் செட்டின் மேற்பரப்பில் கீறல்களை உண்டாக்க, அவற்றில் அழுக்கும் கிருமியும் தங்குகின்றன. மென்மையான பிரஷும் சிறிது சோப்புத் தண்ணீரும் போதும். கொதிநீரில் போட்டால் செட் செய்யப்பட்ட அக்ரிலிக் என்னும் பிளாஸ்டிக் வளைந்துவிடும். காயவிட்டாலும் வடிவம் கெடலாம். உலோகக் கம்பி உள்ள செட்டை பிளீச் கரைசலில் ஊறவைத்தால் கம்பி அரிக்கும். கழுவும்போது வாஷ்பேசினில் ஒரு துண்டை விரித்து வைத்துக்கொள்வது நல்லது, ஏனெனில் சோப்பு பட்ட செட் கைநழுவி பீங்கானில் விழுந்து உடைவது மிகச் சாதாரணமாக நடக்கிறது.

இரவில் செட்டைக் கழற்றாமல் தூங்குவதை நான் இவற்றைவிடப் பெரிய தவறாகக் கருதுகிறேன். ஜப்பானில் 85 வயதைக் கடந்த 524 பேரைத் தொடர்ந்து கவனித்த ஓர் ஆய்வில், செட்டோடு தூங்கியவர்களுக்கு நிமோனியா வரும் அபாயம் இரண்டு மடங்குக்கும் சற்று அதிகமாக இருந்தது. கேண்டிடா என்னும் பூஞ்சையும் இத்தகையவர்களிடம்தான் எளிதில் படர்கிறது: மேலண்ணம், செட்டின் ஓரம் எங்கே முடிகிறதோ அதுவரை கோடு போட்டாற்போல் சிவந்திருக்கும், வலியோ பெரும்பாலும் இருக்காது. வீட்டில் யாராவது டார்ச் அடித்துப் பார்த்தால்தான் தெரியும். வாய்க்கு மட்டும் மருந்து போட்டு, செட்டைச் சுத்தப்படுத்தாமல் விட்டால் பூஞ்சை திரும்ப வந்துவிடும்.

ஓரிரு பற்கள் மட்டுமே உள்ள சிறிய செட் தூக்கத்தில் தொண்டைக்குள் போய்விடக்கூடும். சாதாரண அக்ரிலிக் எக்ஸ்ரேயில் தெளிவாகத் தெரியாது என்பதால், எது விழுங்கப்பட்டது என்பதை அவசர சிகிச்சை மருத்துவரிடம் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். எந்த அறுவை சிகிச்சைக்கு முன்பும், செட் இருப்பதை மயக்க மருத்துவரிடம் தெரிவிப்பதும் அவ்வளவு முக்கியம்.

மலிவு என்பதற்காகப் பதிவு பெறாதவர்களிடம் செட் கட்டிக்கொள்வது வேறொரு தீங்கு. கழற்றி மாட்டும்படி இருக்க வேண்டிய செயற்கைப் பல்லை, பக்கத்துப் பற்களோடு கம்பியும் அக்ரிலிக் கலவையும் வைத்து நிரந்தரமாக ஒட்டிவிடுகிறார்கள்; அடியில் பிரஷ் நுழையாமல் உணவு அழுகி, நன்றாக இருந்த பற்களும் ஆடிப் போகின்றன. சட்டப்படி, இந்தியாவில் பல் சிகிச்சை அளிப்பவர் மாநிலப் பல் மருத்துவ மன்றத்தில் பதிவு செய்திருக்க வேண்டும். பதிவு எண்ணைக் கேட்பதும், கருவிகள் உறையிட்ட பையிலிருந்து எடுக்கப்படுகின்றனவா என்று கவனிப்பதும் மரியாதைக் குறைவாகாது.

மருத்துவரிடம் போகும்போது சாப்பிடும் மாத்திரைகளின் சீட்டைக் கையோடு எடுத்துச் செல்லுங்கள். மீதமுள்ள பல்லைப் பிடுங்க வேண்டும் என்றதும், ரத்தம் உறையாமலிருக்கச் சாப்பிடும் மாத்திரையைத் தாங்களாகவே நிறுத்திவிட்டு வருபவர்கள் இருக்கிறார்கள். அதனால் மாரடைப்போ பக்கவாதமோ வரக்கூடும். எலும்பு வலுவிழப்புக்காக ஆண்டுக்கொரு முறை போடும் ஊசியை மாத்திரையோடு சேர்த்து எண்ணாமல் சொல்லாமலே விட்டுவிடுகிறார்கள். அத்தகைய மருந்து எடுத்தவர்களில் சிலருக்குப் பல் பிடுங்கிய இடம் ஆறாமல் தாடை எலும்பு அழுகியிருக்கிறது.

செட் உறுத்துகிறது என்று காட்டப் போகிறவர்கள், முடிந்தால் முந்தைய நாள் அதை அணிந்திருக்க வேண்டும். அப்போதுதான் எந்த இடம் அழுத்துகிறது என்பது ஈறில் தெரியும். செட்டைக் கழற்றி வைத்த பிறகும் இரண்டு வாரங்களுக்கு மேல் ஆறாத புண்ணை, குறிப்பாக வெற்றிலையும் புகையிலையும் போடும் வழக்கம் உள்ளவர்கள், செட் உரசியதால் வந்தது என்று தாங்களாகவே முடிவு செய்யாமல் உடனே பரிசோதித்துக்கொள்ள வேண்டும்.