கிரீம் தக்காளி சூப்: திரியாமல், ரசமாகாமல் வைப்பது எப்படி

குமரி மாவட்டத்துக்கு வருஷத்தில் இரண்டு மழை. ஆனி, ஆடியில் ஒன்று. ஐப்பசி, கார்த்திகையில் இன்னொன்று. இரண்டு மழைக்கும் வீட்டில் யாராவது சூடாக சூப் கேட்பார்கள். ரசம் வைக்கிற கைக்கு இதெல்லாம் ஒரு வேலையா என்று இறங்கினால், பெரும்பாலும் இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும். ஒன்று, பெருங்காயம் போடாத ரசம். இல்லையென்றால், வெள்ளை வெள்ளையாகப் பொரி மிதக்கும் சிவப்புத் தண்ணீர். அதைப் பார்த்துவிட்டு, அடுத்த தடவை கிரீமை இன்னும் கொஞ்சம் கூட ஊற்றுவார்கள். அதுவும் திரியும். கிரீமின் அளவைக் கூட்டுவதால் இது சரியாகாது. முதலில் தக்காளியின் புளிப்பு அடங்க வேண்டும், கிரீம் கடைசியில் அடுப்பை அணைத்தபிறகு சேர வேண்டும். வரிசை சரியாக இருந்தால் பாதிக் கிரீமிலேயே சூப் வழுவழுவென்று வந்துவிடும்.

பால் ஏன் திரிகிறது என்று தெரிந்துகொண்டால் மற்றதெல்லாம் சுலபம். பாலில் கேசின் என்ற புரதம் இருக்கிறது. புளிப்பைக் காட்டும் பி.எச். அளவு (இது குறையக் குறையப் புளிப்பு கூடும்) 4.6 வரை இறங்கினால் அது ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகிவிடும். தக்காளியின் பி.எச். பொதுவாக 4.3-க்கும் 4.9-க்கும் இடையில்தான் நிற்கும். அதாவது, தக்காளிச் சாறு அந்த எல்லையிலேயே உட்கார்ந்திருக்கிறது. கூடவே சூடும் சேர்ந்தால் அவ்வளவு புளிப்புகூடத் தேவையில்லை. அதற்கு முன்பே திரிந்துவிடும். தளதளவென்று கொதிக்கும் சூப்பில் பாலை ஊற்றுவது, பனீர் செய்வதற்குப் பாலில் எலுமிச்சை பிழிவதைப் போலத்தான்.

இதில் கொழுப்புக்கும் பங்கு உண்டு. நீலப் பாக்கெட் பாலில் கொழுப்பு 3 சதவீதம், ஆரஞ்சு பாக்கெட்டில் 6, கடையில் கிடைக்கும் டப்பா கிரீமில் 25 சதவீதம் அளவுக்கு. கொழுப்பு கூடக் கூட, அதோடு ஒப்பிட்டால் திரிவதற்கான புரதம் குறைவு. அதனால் உடம்புக்கு நல்லது என்று கொழுப்பு குறைந்த பாலை ஊற்றுகிறவர்களின் சூப்தான் முதலில் திரியும். வீட்டில் பால் மட்டும்தான் இருக்கிறதா? சரி, ஒரு ஸ்பூன் வெண்ணெயில் ஒரு ஸ்பூன் மைதாவைப் பச்சை வாசம் போகும்வரை வறுத்து, ஒரு டம்ளர் பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கிளறி வெள்ளைச் சாஸ் செய்துகொள்ளுங்கள். மாவிலிருக்கும் ஸ்டார்ச், புரதம் ஒட்டிக்கொள்ளாமல் இடையில் நின்று தடுக்கும்.

இவ்வளவும் நம்மூர்க்காரர்களுக்குச் சொல்லித்தர வேண்டியதே இல்லை. அடைப் பிரதமன் என்கிற தேங்காய்ப்பால் பாயசம் வைக்கிற மாவட்டம் இது. இரண்டாம் பாலிலும் மூன்றாம் பாலிலும் அடையை வேகவிட்டு, முதலில் பிழிந்த கெட்டியான தலைப்பாலை இறக்கும் நேரத்தில்தான் ஊற்றுவார்கள். ஊற்றினபிறகு யாராவது கொதிக்கவிட்டால் பாட்டி சும்மா விடமாட்டார். சூப் என்று வந்ததும் மட்டும் அந்த நிதானம் எங்கே போகிறதோ தெரியவில்லை!

கிரீமை ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து அரை மணி நேரம் வெளியே வையுங்கள். அடுப்பை அணைத்து, கொதி முழுக்க அடங்கட்டும். ஒரு சின்னக் கிண்ணத்தில் கிரீமை எடுத்து, அதில் ஒரு கரண்டி சூப்பை ஊற்றிக் கலக்கி, அரை நிமிஷம் பாருங்கள். கிண்ணத்தின் ஓரத்தில் புள்ளி புள்ளியாக வெள்ளை ஒட்டினால், சூப் இன்னும் ரொம்பச் சூடாகவோ புளிப்பாகவோ இருக்கிறது என்று அர்த்தம், காத்திருங்கள். ஓரம் வழுவழுவென்று இருந்தால் அதை அப்படியே பானையில் கலந்துவிடலாம்.

புளிப்பை அடக்கச் சர்க்கரை போடுவது எல்லோரும் செய்வது. சர்க்கரை நாக்கைத்தான் ஏமாற்றும். அமிலம் இருந்த இடத்திலேயே இருக்கும், கிரீம் திரிவதும் நிற்காது. அமிலத்தைக் குறைப்பது ஆப்பச் சோடாதான். ஒரு கிலோ தக்காளிக்கு இரண்டு விரலால் கிள்ளி எடுக்கிற அளவு போதும். போட்டதும் நுரை குபுகுபுவென்று எழும், அதனால் பானையில் கொஞ்சம் இடம் விட்டிருங்கள். நுரை அடங்கினபிறகு ருசி பார்க்க வேண்டும். அளவு மீறினால் சோப்பு வாடை வரும், அதை எதைப் போட்டும் மாற்ற முடியாது. சர்க்கரையும் வேண்டுமானால் அரை ஸ்பூன் போடுங்கள், அது ருசிக்கு.

வடசேரி சந்தையிலோ மார்த்தாண்டத்திலோ தக்காளி வாங்கும்போதே பாதி வேலை முடிவாகிவிடும். நாட்டுத் தக்காளியில் புளிப்பும் சாறும் கூடுதல், ரசத்துக்கு அதுதான் ராஜா. பெங்களூர் தக்காளியில் சதை கூடுதல், புளிப்பு கம்மி. சூப்புக்கு வெறும் நாட்டுத் தக்காளி போட்டால் தண்ணியாகவும் புளிப்பாகவும் இருக்கும். வெறும் பெங்களூர் தக்காளி போட்டால் சப்பென்று இருக்கும். முக்கால் பங்கு பெங்களூரும் கால் பங்கு நாட்டுத் தக்காளியும் என்பது என் கணக்கு. நன்றாகப் பழுத்ததை எடுங்கள், ஃபிரிட்ஜில் அடுக்காதீர்கள். சுமார் 12 டிகிரிக்குக் கீழே நாள்கணக்கில் இருந்தால் தக்காளியின் வாசம் குறைந்துபோகும்.

அடுத்தது தண்ணீர். தக்காளியில் கிட்டத்தட்ட 94 சதவீதம் தண்ணீர்தான். அதைக் குக்கரில் போட்டு மேலே இரண்டு டம்ளர் ஊற்றி மூன்று விசில் விட்டால், அப்புறம் எதைப் போட்டுக் கெட்டியாக்குவது? அகலமான பாத்திரத்தில் திறந்து வைத்து வதக்குங்கள். சாறு வற்றி, பச்சை வாசம் போய், வெண்ணெய் ஓரத்தில் பிரிந்து நிற்கும்வரை பொறுமை வேண்டும். தண்ணீர் தேவைப்பட்டால் அரைத்தபிறகு பார்த்து ஊற்றிக்கொள்ளலாம்.

பல்லாரியை, அதாவது பெரிய வெங்காயத்தை, தக்காளியோடு சேர்த்தே போடுவதும் தவறு. புளிப்பு சேர்ந்துவிட்டால் வெங்காயம் லேசில் குழையாது. எவ்வளவு நேரம் வெந்தாலும் கடிபடும். முதலில் வெண்ணெயில் பல்லாரியைச் சிறுதீயில் போட்டு, நிறம் மாறாமல், கண்ணாடி போல ஆகி, கரண்டியால் அழுத்தினால் நசுங்கும்வரை விடுங்கள். காரட்டோ உருளைக்கிழங்கோ சேர்ப்பதாக இருந்தாலும் அவை வெந்தபிறகுதான் தக்காளி. பூண்டு மட்டும் கடைசியாகப் போகட்டும், கருகினால் கசக்கும்.

சிலர் விதையை வழித்துப் போட்டுவிடுகிறார்கள். விதையைச் சுற்றியிருக்கும் கொழகொழப்பில்தான் ருசி கூடுதல். எல்லாவற்றையும் அரைத்து, அரிப்பில் (சல்லடையில்) வடித்தால் போதும், தோலும் விதையும் மேலே நின்றுவிடும். டீ வடிகட்டி வேண்டாம், விடிந்துவிடும்.

மிக்ஸியில் சூடாக அரைக்காதீர்கள். இது ருசிக்காகச் சொல்வதில்லை. ஆவி மூடியைத் தள்ளிவிட்டால் முகத்திலும் கையிலும் கொதிக்கும் தக்காளி தெறிக்கும். கை பொறுக்கிற சூட்டுக்கு ஆறவிட்டு, ஜாரில் பாதிக்கு மேல் நிரப்பாமல் அரையுங்கள். அரைத்ததும் நிறம் வெளுத்து ரோஸாகத் தெரிந்தால் பயப்பட வேண்டாம், உள்ளே புகுந்த காற்றுதான் காரணம். திரும்ப ஐந்து நிமிஷம் கொதித்தால் சிவப்பு வந்துவிடும். ஹோட்டல் சிவப்பு வேண்டும் என்று பீட்ரூட் போட்டால் சூப் கத்தரிப்பூ நிறத்துக்குப் போகும். கிரீம் சேர்ந்த தக்காளி சூப்பின் இயல்பான நிறம் ஆரஞ்சு.

கெட்டியாக்குவதற்குச் சோளமாவு எல்லோருக்கும் தெரியும். அதைக் குளிர்ந்த தண்ணீரில் கரைத்து ஊற்ற வேண்டும், கிரீமுக்கு முன்னால் ஊற்ற வேண்டும், ஒரு கொதி வர வேண்டும். நாலு பேருக்கு ஒரு ஸ்பூனுக்கு மேல் போனால் பசை மாதிரி ஆகிவிடும். ஆனால் இந்த மாவட்டத்தில் உட்கார்ந்துகொண்டு சோளமாவைத் தேடுவானேன்? இத்தனை அண்டி ஆபீஸ், அதாவது முந்திரி ஆலை, இருக்கிற ஊரில் உடைந்த அண்டிப்பருப்புக்கா பஞ்சம்? பதினைந்து பருப்புக்குச் சமமான உடைசலை இருபது நிமிஷம் வெந்நீரில் ஊறவைத்து, முதலில் அதைத் தனியாக மைபோல அரைத்துக்கொள்ளுங்கள். தக்காளியோடு ஒன்றாகப் போட்டால் ரவை ரவையாக நாக்கில் தட்டும். இதில் கேசின் கிடையாது, அதனால் பாலைப் போலத் திரியாது. கிரீமே இல்லாமல்கூட ஒப்பேற்றிவிடலாம்.

தேங்காய்ப்பாலும் நல்ல வழிதான், ஒரு நிபந்தனையோடு. கெட்டிப் பாலைக் கொதிக்கவிட்டால் எண்ணெய் பிரிந்து மேலே மிதக்கும், ஆகவே அதுவும் அணைத்தபிறகுதான். தேங்காய்ப்பால் ஊற்றுவதென்று முடிவு செய்தால் வெண்ணெயையும் இத்தாலிய இலைப்பொடிகளையும் விட்டுவிட்டு, இஞ்சியும் நல்லமிளகும் போடுங்கள். ரெண்டும் கெட்டானாக வைத்தால் எந்த வாசமும் நிற்காது.

மசாலாவில் கை நீளாமல் பார்த்துக்கொள்ளுங்கள். புவிசார் குறியீடு வாங்கிய கிராம்பு நம் மலையில் விளைகிறதுதான், அதற்காக நாலைந்து போட்டால் சூப்பில் பல்வலி மருந்து வாடை அடிக்கும். ஒன்று போதும். வதக்கும்போது போட்டு, அரைக்கும் முன் மறக்காமல் எடுத்துவிட வேண்டும்.

அலுமினியப் பாத்திரமும் இரும்புச் சட்டியும் புளிப்போடு சேர்ந்தால் ருசி மாறும், எவர்சில்வர் நல்லது. மண்சட்டியும் நல்லதுதான், ஆனால் மீன் குழம்பு வைக்கிற சட்டியை எடுத்துவிடாதீர்கள். எத்தனை கழுவினாலும் சாளையின் வாசம் சூப்பில் வந்து நிற்கும்.

உப்பை இரண்டு தடவையாகப் போடுங்கள்: வதக்கும்போது பாதி, கிரீம் கலந்தபிறகு பார்த்து மீதி. கிரீம் உப்பையும் காரத்தையும் மட்டுப்படுத்தும் என்பதால் முன்பே சரியாக இருந்தது பிறகு குறைவாகத் தெரியும்.

இவ்வளவுக்குப் பிறகும் திரிந்துவிட்டால் கீழே கொட்ட வேண்டாம், சாப்பிடலாம். கொஞ்சம் அண்டிப்பருப்பு விழுது சேர்த்து, ஆறினபின் மிக்ஸியில் ஒரு சுற்று விட்டால் கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு ஒன்றுசேரும். மறுநாளைக்கும் வேண்டுமென்றால் கிரீம் சேர்ப்பதற்கு முன்பே பாதியை எடுத்து ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். கிரீம் கலந்த சூப்பைத் திரும்பச் சூடாக்குவதாக இருந்தால் சிறுதீயில் வைத்து, ஆவி பறக்கத் தொடங்கியதும் இறக்கிவிட வேண்டும்.