கடன் வழக்கில் எக்ஸ்பார்ட்டி தீர்ப்பா? பலர் சறுக்கும் இடங்கள்

"அந்தாளுக்கு நான் அவ்வளவு காசு தர வேண்டியதே இல்லை, பிறகு எப்படி எனக்கெதிராகத் தீர்ப்பு?" கொழும்பில் நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடைப் பக்கம் போனால் இந்தக் கேள்வி எப்படியும் காதில் விழும். ஆத்திரம் நியாயம்தான். ஆனால் எதிராளி, அதாவது வழக்குப் போடப்பட்டவர், வராமலே எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு வந்துவிட்ட பிறகு, கடன் உண்டா இல்லையா என்று நீதிமன்றம் முதலில் கேட்பதில்லை. ஏன் வரவில்லை என்றுதான் கேட்கும்.

சாதாரண கடன் வழக்கில் அதை நீக்க வழி, இலங்கையின் குடியியல் நடைமுறைச் சட்டக்கோவையின் 86(2)ஆம் பிரிவு. தீர்ப்பாணை (தீர்ப்பின்படி நீதிமன்றம் எழுத்தில் விடும் ஆணை) கையில் சேர்ந்து 14 நாட்களுக்குள், வழக்காளிக்கும் (வழக்குப் போட்டவருக்கும்) அறிவித்து, மனுவும் சத்தியக்கடதாசியும் போட வேண்டும். வராமல் போனதற்கு நியாயமான காரணம் இருந்தது என்று நீதிபதி திருப்தியடைந்தால் தீர்ப்பை நீக்கியே ஆக வேண்டும். அப்படியிருக்க, வட்டிக் கணக்கைப் பற்றிப் பத்துப் பந்தி எழுதிவிட்டு, வராத காரணத்துக்கு "சுகயீனம்" என்று ஒரே வரியில் முடிக்கும் மனுக்கள் வருகின்றன. அந்த ஒரு வரியில்தான் முழு விசாரணையும் நடக்கப்போகிறது. எந்த நோய், எந்த வைத்தியர், அன்று படுக்கையிலா, சட்டத்தரணிக்குச் சொல்லியனுப்பக்கூட முடியாதிருந்ததா என்று குறுக்கு விசாரணையில் கிண்டுவார்கள். பிறகு எடுத்த மருத்துவச் சான்றிதழை மட்டும் நீட்டினால் போதாது. தேவைப்பட்டால் வைத்தியரையே சாட்சிக்கு அழைக்கத் தயாராக இருங்கள். சட்டத்தரணி திகதியைத் தவறாகக் குறித்துக்கொண்டார் என்றால் அவருடைய டயறி வர வேண்டும். உண்மையான தவறை நீதிமன்றங்கள் மன்னித்திருக்கின்றன, வெறும் அலட்சியத்தை அல்ல.

அடுத்தது அந்த 14 நாள். அது தீர்ப்புத் திகதியிலிருந்து ஓடுவதில்லை, தீர்ப்பாணை உங்களிடம் சேர்ந்த நாளிலிருந்து ஓடுகிறது. இது பலருக்கு நிம்மதி, சிலருக்கு மயக்கம். மேன்முறையீட்டு அறிவித்தலுக்கு உள்ளதுபோல ஞாயிறையும் பொது விடுமுறையையும் கழிக்கும்படி 86ஆம் பிரிவு சொல்லவில்லை. ஆகவே போயா, பொங்கல் எதையும் கழிக்காமல் எண்ணுங்கள். நாள் தாண்டினால், காரணம் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் கதவு பெரும்பாலும் மூடிவிடும்.

கொழும்பில் அந்த நாட்களைத் தின்பவை இரண்டு. ஒன்று, கடிதம் சிங்களத்தில் இருக்கிறது என்று லாச்சிக்குள் போட்டுவிடுவது. வழக்கில் மொழிபெயர்ப்புக் கேட்கும் உரிமை அரசியலமைப்பிலேயே உண்டு, ஆனால் வாசிக்கவில்லை என்பதற்காக நாள் நிற்காது. மற்றது, கடன் கொடுத்தவரிடம் ஓடுவது. "கொஞ்சம் கட்டுங்கோ தம்பி, நான் வழக்கைப் பார்த்துக்கொள்கிறேன்" என்பார். கட்டுவீர்கள். வழக்கேட்டில் எதுவும் பதியப்பட்டிருக்காது. மூன்றாம் வாரம், நீதிமன்ற ஆணைகளைச் சேர்ப்பித்து நிறைவேற்றும் அதிகாரியான பிஸ்கால் வாசலில் நிற்பார். சமரசம் பேசுவதில் தவறில்லை, மனுவைப் போட்டுவிட்டுப் பேசுங்கள்.

அழைப்பாணையே கிடைக்கவில்லை என்றால் கதை வேறு. அது சேராமல் நடந்த வழக்கில் நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை என்று 1981இல் உயர் நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. ஆனால் சேர்ப்பித்ததாக பிஸ்காலின் சத்தியக்கடதாசி கோப்பில் இருந்தால், இல்லை என்று நிரூபிக்கும் பாரம் உங்கள் தலையில். கொட்டாஞ்சேனையிலிருந்து வெள்ளவத்தைக்கு வாடகை மாறியவர் பழைய ஒப்பந்தம், புது ஒப்பந்தம், மின்கட்டண பில் எல்லாவற்றையும் தேடி எடுக்க வேண்டும். பதிவுத் தபாலை வாங்க மறுத்துவிட்டு "கிடைக்கவில்லை" என்பது மட்டும் எடுபடாது.

செக், புரோநோட்டு வழக்குகள் பெரும்பாலும் சுருக்க நடைமுறையில், அதாவது வழக்கை விரைவாக முடிக்கும் தனி வழியில், வரும். அங்கே வாதாடவே முன் அனுமதி வேண்டும். தீர்ப்பாணையை நீக்க 707ஆம் பிரிவு "விசேட சூழ்நிலை" கேட்கிறது. இந்த வழக்குகளில் உங்கள் எதிர்வாதத்தையும் காட்டத்தான் வேண்டும், பணத்தைக் கட்டிவைக்கும்படியும் சொல்லலாம். வங்கிகள் 1990ஆம் ஆண்டு 2ஆம் இலக்கக் கடன் அறவீட்டுச் சட்டத்தில் போட்டால் அதுவும் ஏறக்குறைய இதே கடினம். எந்த நடைமுறை என்று பார்க்காமல் யாரோ கொடுத்த 86(2) மாதிரியைப் பிரதி எடுத்துப் போடுவது வீண் வேலை.

நேரே மேன்முறையீட்டுக்குப் போகலாமே என்பார்கள். முடியாது. வராததால் வந்த தீர்ப்புக்கு மேன்முறையீடு இல்லை என்று 88(1) சொல்கிறது. உங்கள் மனுவை ஏற்றோ மறுத்தோ வரும் கட்டளைக்குத்தான் மேன்முறையீடு உண்டு.

நீக்கிவிட்டார்கள் என்றாலும் வழக்கு பூச்சியத்துக்குப் போகாது. நீங்கள் தவறவிட்ட கட்டத்திலிருந்தே தொடரும். செலவுத் தொகை கட்டச் சொல்லியிருந்தால் அந்தத் திகதிக்குள் கட்டி, பற்றுச்சீட்டைச் சட்டத்தரணியிடம் அன்றே கொடுங்கள். நிபந்தனையோடு வந்த கட்டளை அது, கட்டாமல் விட்டால் எதிர்த்தரப்பு பழைய தீர்ப்பாணையைத் திரும்பக் கேட்டு வரும்.