நாய் போகும் வழியைப் பாருங்கள்: 'ரெஸ்க்யூட் பை ரோவர்' பார்ப்பது எப்படி

ஆறரை நிமிடப் படம்தான். ஆனாலும் யாருக்குப் போட்டுக் காட்டினாலும் இரண்டு தடவை பார்க்க வைக்காமல் விடமாட்டேன். 1905இல் இங்கிலாந்தில் சிசில் ஹெப்வொர்த் தயாரிக்க, லூயின் ஃபிட்ஸ்ஹாமன் இயக்கிய மௌனப் படம். பிச்சைக்காரி ஒருத்தி குழந்தையைத் தூக்கிக்கொண்டு போகிறாள், வீட்டு நாய் தேடிப் பிடிக்கிறது. கதை அவ்வளவுதான்.

முதலில் சத்தத்தை அணைத்துவிடுங்கள். பிற்காலத்தில் யாரோ சேர்த்த இசை, எங்கே பதற வேண்டும் என்று முந்திக்கொண்டு சொல்லிவிடும். நாய் சாவி கொடுத்த பொம்மை மாதிரி ஓடினால் வேகத்தை 0.75க்குக் குறையுங்கள். நொடிக்கு 16 பிரேம் வாக்கில் ஓடிய காலத்துப் படத்தை 24இல் ஓட்டினால் அப்படித்தான் இருக்கும்.

பூங்காவில் ஆயா சிப்பாயோடு பேச ஆரம்பித்ததும் அவர்களை விட்டுவிட்டுத் தள்ளுவண்டியையே பாருங்கள். குழந்தை போவதைத் தனியாகக் காட்ட குளோசப் எதுவும் வராது.

இரண்டாம் தடவை கையில் ஒரு தாள் வேண்டும். ஜன்னல், தெரு, முனை, ஆறு, வரிசை வீடுகள் என்று நாய் போகும் வழியைக் குறியுங்கள். போகும்போது நம்மை நோக்கி ஓடி வரும். திரும்பும்போது அதே இடங்களில் நமக்கு முதுகைக் காட்டி ஓடும். அப்புறம் எஜமானரோடு மறுபடி அதே வழி. நாய் நீந்த, அவர் படகில். விளக்க அட்டை ஒன்றுகூட இல்லை, ஆனாலும் நமக்கு வழி தப்பாது. படத்தொகுப்பு இங்கேதான் இருக்கிறது. திரும்பும் ஓட்டம் கொஞ்சம் நீளம் என்பது என் கட்சி.

பிச்சைக்காரி குழந்தையைக் கொண்டுபோய் வைக்கும் பரண் அறையில் வெளிச்சத்தைக் கவனியுங்கள், ஆர்க் விளக்கு என்னும் பலமான மின்விளக்கு வைத்து எடுத்தது. குழந்தையின் உடுப்பைக் கழற்றிவிட்டுப் மதுப் பாட்டிலைச் சாய்க்கும் அந்தக் கிழவிக்குக் கடைசியில் தண்டனையே கிடையாது! ஆனால் பிள்ளை பிடிப்பவர் என்றால் ஏழை அல்லது நாடோடி என்பது அந்தக் காலத்துப் படங்களின் கெட்ட பழக்கம். அமெரிக்க இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித் 1908இல் எடுத்த முதல் படத்திலும் அதே கதைதான்.

அப்பாவாக வருபவர் ஹெப்வொர்த்தே. அம்மாவாக வருபவர் அவர் மனைவி, கதையும் அந்த மனைவி எழுதியதுதான். குழந்தை அவர்கள் மகள், நாயும் வீட்டு நாய். மொத்தச் செலவு 7 பவுண்டு 13 ஷில்லிங் 9 பென்ஸ். படம் விற்ற விற்பனையில், பிரதி எடுத்து எடுத்தே நெகட்டிவ் என்னும் மூலச் சுருள் தேய்ந்துபோய், முழுசாக இன்னும் இரண்டு முறை எடுத்தார்கள். அதனால் நீங்கள் பார்க்கும் இரண்டு பிரதிகள் அங்கங்கே ஒத்துப்போகாவிட்டால் கண்ணைச் சந்தேகிக்க வேண்டாம்.