மாதம் 1,701 வெள்ளி, அதன் பின்னால் எவ்வளவு? வீட்டுக் கடனைத் தாளில் போட்டுப் பார்க்கும் முறை

ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் தம்பியும் அவன் மனைவியும் என் வீட்டுக்கு வந்தார்கள். சிங்கப்பூரின் சுவா சூ காங்கில் ஒரு நாலறை மறுவிற்பனை வீட்டைப் பார்த்து வைத்திருக்கிறார்கள். முதல் வீடு என்பதால் முகத்தில் அவ்வளவு மகிழ்ச்சி.

"விலை 500,000 வெள்ளிக்கா. எச்டிபி கடன் 375,000. மாசம் 1,701தான், அதுவும் சிபிஎஃப்லயே கழிஞ்சிடும். கையைக் கடிக்காது" என்றான். எச்டிபி என்றால் அரசாங்கத்தின் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (வீவக), சிபிஎஃப் என்றால் சம்பளத்திலிருந்து சேரும் மத்திய சேமநிதி.

எங்கள் முதல் வீட்டை ஈசூனில் வாங்கியபோது நானும் என் கணவரும் இதையேதான் சொன்னோம். பல வருடம் கழித்து அதை நல்ல விலைக்கு விற்றோம். வரப்போகும் ரொக்கத்தில் புது வீட்டின் மரவேலையை முடித்துவிடலாம் என்று ஆளையும் பேசி வைத்தோம். கடைசிக் கணக்கு வந்தபோது, எதிர்பார்த்ததில் கால்வாசி கூட கைக்கு வரவில்லை. யாரும் எங்களை ஏமாற்றவில்லை. ஒரே ஒரு எண்ணை நாங்கள் பத்து வருடமாகத் திறந்தே பார்க்கவில்லை, அவ்வளவுதான். தம்பிக்கு அப்படி நடக்கக் கூடாது என்று அன்றைக்கே ஒரு தாளை எடுத்து உட்கார்ந்தோம். அந்தத் தாளில் போட்டதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன். பென்சிலும் கைப்பேசியில் இருக்கும் கால்குலேட்டரும் போதும்.

படி 1: நான்கு எண்களை எழுதுங்கள்

வீட்டு விலை, கடன் தொகை, வட்டி விகிதம், எத்தனை வருடம். தம்பியின் தாளில் 500,000, 375,000, 2.6 விழுக்காடு, 25 வருடம் என்று எழுதினோம்.

வீவக தரும் கடன், 2024 ஆகஸ்ட் 20 முதல் விலையில் அதிகபட்சம் 75 விழுக்காடு வரைதான். வங்கியும் அதே 75 வரை தரும். வங்கிக் கடன் என்றால் விலையில் 5 விழுக்காட்டையாவது ரொக்கமாகக் கட்டியாக வேண்டும். வீவக கடனில் முன்பணம் முழுவதையும் சிபிஎஃப்பிலிருந்தே கட்ட முடியும். வீவக கடனின் வட்டி சிபிஎஃப் சாதாரணக் கணக்கின் வட்டியைவிட 0.1 விழுக்காடு கூடுதல். சாதாரணக் கணக்குக்கு 1999 முதல் 2.5 விழுக்காடு கிடைத்துவருவதால், கடன் வட்டியும் அவ்வளவு காலமாக 2.6இலேயே நிற்கிறது.

படி 2: தவணையை மாதங்களால் பெருக்குங்கள்

25 வருடம் என்றால் 300 மாதம். 1,701 × 300 = 510,300. வாங்கிய கடன் 375,000. மிச்சம் 135,300 வெள்ளி வட்டி.

தம்பி மனைவி அந்த எண்ணை இரண்டு முறை வாசித்தாள். விளம்பரத்தில் வராத முதல் எண் இது. இங்கேயே நிறுத்திவிடுகிறவர்கள்தான் அதிகம். நீங்கள் நிறுத்த வேண்டாம்.

படி 3: முதல் மூன்று தவணையைக் கையால் பிரித்துப் பாருங்கள்

இதைக் கணினிப் படிவம் ஒரு நொடியில் செய்துவிடும். ஆனாலும் மூன்று மாதத்துக்கு மட்டும் கையால் போடச் சொல்வேன். அப்போதுதான் கடன் எப்படிக் கரைகிறது என்பது மனதில் பதியும்.

வட்டியை ஒவ்வொரு மாதமும் அன்றைய பாக்கியின் மேல் போடுகிறார்கள். பாக்கியை 0.026ஆல் பெருக்கி 12ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி.

முதல் மாதம்: 375,000 × 0.026 ÷ 12 = 812.50. கட்டுவது 1,701. அசலில் குறைவது 888.50. புதிய பாக்கி 374,111.50.

இரண்டாம் மாதம்: வட்டி 810.57. அசலில் குறைவது 890.43. பாக்கி 373,221.07.

மூன்றாம் மாதம்: வட்டி 808.65. அசலில் குறைவது 892.35.

தவணை மாறவில்லை. வட்டி மாதத்துக்கு ஏறக்குறைய இரண்டு வெள்ளி வீதம் இறங்க, அசல் அதே அளவு ஏறுகிறது. அதாவது ஆரம்ப வருடங்களில் கட்டும் ஒவ்வொரு தவணையிலும் கிட்டத்தட்ட பாதி வட்டிக்கே போய்விடும். இதே கணக்கைப் பத்து வருடம் ஓட்டினால், கட்டியது 204,000 வெள்ளிக்குச் சற்று மேல், அதில் வட்டி சுமார் 82,500, இன்னும் இருக்கும் கடன் சுமார் 253,400. "பத்து வருஷம் கட்டியும் மூணில் ரெண்டு பங்கு கடன் அப்படியே இருக்கா?" என்று தம்பி கேட்டான். ஆமாம், இருக்கும்.

படி 4: சிபிஎஃப்புக்குத் திருப்பித் தர வேண்டியதைக் கணக்கிடுங்கள்

நாங்கள் பார்க்காமல் விட்ட எண் இதுதான். இதற்கு மட்டும் நிதானமாக நேரம் ஒதுக்குங்கள்.

வீட்டுக்காக சிபிஎஃப்பிலிருந்து எடுக்கும் ஒவ்வொரு வெள்ளியையும், வீட்டை விற்கும்போது அந்தக் கணக்கிலேயே திருப்பிப் போட வேண்டும். எடுத்த தொகை மட்டும் போதாது. அந்தப் பணம் கணக்கிலேயே இருந்திருந்தால் 2.5 விழுக்காட்டில் எவ்வளவு வட்டி சேர்ந்திருக்குமோ, அதையும் சேர்த்துப் போட வேண்டும். இதைத் திரண்ட வட்டி என்கிறார்கள். மாதந்தோறும் கணக்கிட்டு, வருடத்துக்கு ஒருமுறை அசலோடு சேர்ப்பார்கள். அதனால் வட்டிக்கும் வட்டி உண்டு.

முன்பணம் 125,000. முதல்முறை மறுவிற்பனை வீடு வாங்கும் சிங்கப்பூர்க் குடிமக்கள் தம்பதி என்பதால் 80,000 வெள்ளி மானியம் கிடைக்கிறது. மீதி 45,000 இருவரின் சேமிப்பு. "மானியம் இனாம்தானேக்கா, அதுக்கும் வட்டியா?" என்றான். அதுக்கும் உண்டு. மானியம் சிபிஎஃப் கணக்கு வழியாகத்தான் வீட்டுக்குப் போகிறது, விற்கும்போது வட்டியோடு அந்தக் கணக்குக்கே திரும்ப வேண்டும்.

125,000 வெள்ளி பத்து வருடத்தில் 160,000 ஆகும். 1.025ஐப் பத்து முறை பெருக்கினால் 1.28 வரும், அதிலிருந்து வந்த தொகை இது. மாதம் 1,701ஐயும் முழுக்க சிபிஎஃப்பிலேயே கட்டினால், பத்து வருடத் தவணையும் அதன் திரண்ட வட்டியும் சேர்ந்து சுமார் 231,300. ஆக மொத்தம் திருப்ப வேண்டியது சுமார் 391,300 வெள்ளி.

இப்போது பத்தாவது வருடம் வீட்டை 600,000 வெள்ளிக்கு விற்பதாக வைத்துக்கொள்ளுங்கள். வாங்கியதைவிட ஒரு லட்சம் கூடுதல். கடன் பாக்கி 253,400ஐக் கழித்தால் 346,600. சிபிஎஃப் கேட்பதோ 391,300. முழுத் தொகையும் அங்கேயே போய்விடும், கையில் ஒரு வெள்ளி வராது. சந்தை விலைக்கு விற்றிருந்தால் குறைகிற தொகையைக் கைப்பணத்திலிருந்து ஈடுகட்டச் சொல்ல மாட்டார்கள், அந்த ஆறுதல் உண்டு. ஆனாலும் ரொக்கம் வேண்டுமென்றால் வீடு சுமார் 645,000க்கு மேல் போக வேண்டும்.

இதைக் கேட்டு யாரும் பதற வேண்டாம். அந்தப் பணம் உங்கள் கணக்கில்தான் இருக்கிறது. அடுத்த வீட்டுக்கு எடுக்கலாம், 55 வயதுக்குப் பிறகு ஓய்வுக்காலத்துக்கு உதவும். திரண்ட வட்டி அபராதம் இல்லை, உங்கள் முதுமைக்குச் சேர்ந்திருக்க வேண்டிய பணம். ஆனால் ரொக்கமும் சிபிஎஃப்பும் ஒன்றில்லை. பிள்ளையின் படிப்புக்கோ, ஊரில் இருக்கும் அம்மாவின் மருத்துவச் செலவுக்கோ வீட்டை விற்று எடுத்துக்கொள்ளலாம் என்று நினைத்திருப்பவர்களுக்கு இந்த வித்தியாசம் ரொம்பப் பெரியது.

ஏற்கெனவே வீடு வைத்திருப்பவர்கள் சிங்பாஸ் (அரசாங்க இணைய அடையாளம்) வழியாக சிபிஎஃப் தளத்துக்குள் போய்ப் பாருங்கள். எடுத்த அசலும் திரண்ட வட்டியும் தனித்தனியாகக் காட்டும். இன்று இரவே பாருங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

படி 5: வட்டி ஏறினால் தாங்குமா என்று பாருங்கள்

வங்கிக் கடனை நினைப்பவர்களுக்கு இது முக்கியம். வங்கி வட்டியை ஒரு குறிப்பிட்ட காலத்துக்கு நிலையாக வாங்கலாம், அல்லது சோரா விகிதத்தோடு (வங்கிகளுக்கிடையிலான ஓரிரவுக் கடன் வட்டி) ஏறி இறங்கும்படி வாங்கலாம். நிலையானது என்றாலும் பெரும்பாலும் இரண்டு மூன்று வருடத்துக்குத்தான், 25 வருடத்துக்கும் இல்லை.

அதே 375,000, அதே 25 வருடம். 1.3 விழுக்காட்டில் தவணை 1,465. 4 விழுக்காட்டில் 1,979. மாதம் 514 வெள்ளி வித்தியாசம். நடக்காத கதை என்று நினைக்க வேண்டாம். 2022 இறுதியில் வங்கிகளின் நிலையான வட்டியே 4 விழுக்காட்டைத் தாண்டியது. 25 வருடமும் 4 விழுக்காடு என்றால் மொத்த வட்டி சுமார் 218,800, வீவக கடனைவிட 83,000க்கு மேல் அதிகம். கடன் கேட்பவரின் வருமானத்தை எடைபோடும்போது வங்கியும் குறைந்தது 4 விழுக்காட்டை வைத்துத்தான் பார்க்கும். அந்தக் கணக்கை நாமும் நமக்காகப் போட்டுப் பார்ப்பது நல்லது.

வங்கி வட்டி 2.6க்குக் கீழே இருக்கும்போது மாறத் தோன்றும். மாறலாம், தப்பில்லை. ஆனால் வீவக கடனிலிருந்து வங்கிக்குப் போனவர்கள் திரும்பி வர வழியில்லை. வங்கிக் கடனைக் கட்டுப்பாட்டுக் காலத்துக்குள் (கடனை மாற்றக் கூடாத ஆரம்ப வருடங்கள்) முடித்தால் பாக்கியில் 1.5 விழுக்காடு அபராதம் என்பது வழக்கமான நிபந்தனை. 375,000க்கு அது 5,625 வெள்ளி. என்னைக் கேட்டால், இரண்டு வருடச் சலுகை வட்டியை மட்டும் பார்த்து முடிவெடுப்பது ஆழம் தெரியாமல் காலை விடுவதுதான்.

படி 6: வருடத்தைக் குறைத்தால் என்ன ஆகும்?

25க்குப் பதில் 20 வருடம் என்றால் தவணை 2,005. மாதம் 304 வெள்ளி கூடுதல். மொத்த வட்டி 106,300க்கு இறங்கும், அதாவது 29,000 வெள்ளி மிச்சம். கையில் போனஸ் வந்து, கடனின் ஆரம்பத்திலேயே 10,000 வெள்ளியை அசலில் கட்டி, தவணையைக் குறைக்காமல் விட்டால் கடன் சுமார் 11 மாதம் முன்னதாக முடியும், வட்டியில் 8,900 மிஞ்சும். வீவக கடனில் இப்படி முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது. தவணையைக் குறைப்பதா, காலத்தைக் குறைப்பதா என்று கட்டும்போதே கேட்டு உறுதிசெய்துகொள்ளுங்கள்.

ஒரு எச்சரிக்கை. அந்த 10,000ஐ சிபிஎஃப்பிலிருந்து எடுத்துக் கட்டினால் லாபம் அநேகமாக ஒன்றுமில்லை. 2.6 விழுக்காட்டை மிச்சப்படுத்த 2.5 விழுக்காட்டை இழக்கிறீர்கள். வீவக கடன் எடுக்கும்போது சாதாரணக் கணக்கில் 20,000 வெள்ளி வரை விட்டுவைக்க அனுமதி உண்டு. ஒருவருக்கு வேலை போனால் சில மாதத் தவணையைத் தாங்கும் பணம் அது. அதை விட்டுவையுங்கள்.

படி 7: மீதிச் செலவுகள்

சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். 500,000 வெள்ளி வீட்டுக்கு முத்திரைத் தீர்வை 9,600. முதல் 180,000க்கு 1 விழுக்காடு, அடுத்த 180,000க்கு 2, மீதி 140,000க்கு 3. நிரந்தரவாசிகள் முதல் வீட்டுக்கே மேலும் 5 விழுக்காடு கூடுதல் தீர்வை கட்ட வேண்டும். வீவக மதிப்பீட்டுக்கு மேல் விலை பேசினால் அந்த மேல்தொகை முழுவதும் ரொக்கம். இவற்றோடு வழக்கறிஞர், முகவர் கட்டணம், வீட்டுப் பாதுகாப்புத் திட்டச் (கடனுக்கான காப்புறுதி) சந்தா, தீ காப்புறுதி, மாதாமாதம் நகர மன்றக் கட்டணம், சொத்து வரி. பழைய வீடு என்றால் 99 வருடக் குத்தகையில் எவ்வளவு பாக்கி என்றும் பாருங்கள். வாங்குபவர்களில் இளையவருக்கு 95 வயது ஆகும் வரை குத்தகை நீடிக்காவிட்டால், எடுக்கக்கூடிய சிபிஎஃப் தொகை குறையும்.

தாள் நிறைந்ததும் தம்பி கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, தவணையில் மாதம் 500 வெள்ளியை ரொக்கமாகக் கட்டினால் என்ன ஆகும் என்று அவனே கேட்டான். போட்டுப் பார்த்தோம். பத்து வருடத்தில் சிபிஎஃப்புக்குத் திருப்ப வேண்டியது சுமார் 68,000 குறைந்து 323,300 ஆகிறது. 600,000க்கு விற்றால் சுமார் 23,300 ரொக்கம் கைக்கு வரும், எடுக்காமல் விட்ட 68,000ம் சாதாரணக் கணக்கில் இருக்கும். அதற்காக அவன் கைப்பணம் 60,000 போயிருக்கும். பணம் பெருகிவிடவில்லை, எங்கே இருக்கும் என்பதுதான் மாறுகிறது.

தம்பி மனைவி தாளை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டாள். வீட்டை வாங்குவதாகத்தான் முடிவு. 500 இப்போது முடியாது, 300இல் ஆரம்பிக்கிறோம் என்று மறுநாள் காலை செய்தி அனுப்பியிருந்தாள்.