மிகுபுனைவு நாட்டின் ஒளிகளை வகைப்படுத்துவது எப்படி

மிகுபுனைவு (ஃபேன்டசி) எழுதுகிறவர்களில் பலர் தங்கள் உலகத்து ஒளிகளை நிறத்தை வைத்தே பிரிக்கிறார்கள். நீலம் ஆவிக்கு, சிவப்பு சாபத்துக்கு. இது சீக்கிரமே சிக்கலாகிவிடும். இருட்டில் கண்ணுக்கு நிறம் பிடிபடாது. சிவப்பு முதலில் கறுத்துப்போகும், நீலம் அதைவிடத் தூக்கலாகத் தெரியும். இருட்டுக்குக் கண் நன்றாகப் பழக அரை மணி நேரம் வேண்டும். விளக்கடியிலிருந்து எழுந்து வந்தவரும் வயல்காட்டில் காவல் இருந்தவரும் ஒரே ஒளிக்கு வேறு வேறு நிறம் சொல்வார்கள். ஆகவே நிறத்தைக் கடைசிக்குத் தள்ளுங்கள்.

முதல் கேள்வி இதுதான்: பார்ப்பவர் நகர்ந்தால் ஒளி என்ன செய்கிறது? பக்கவாட்டில் ஐம்பது அடி நடக்கச் சொல்லுங்கள். கூடவே வந்தால் அது 'கூடவரி'. வானவில்லும், மேலூர் சாலையில் எட்ட எட்டப் போகும் கானல்நீரும் இந்தக் குடும்பம். இருந்த இடத்திலேயே இருந்தால் 'நிலையன்'. நாம் நின்றாலும் அது அலைந்தால், மின்மினி போல, 'திரியன்'. ஓர் ஒளிக்கு ஓர் அட்டை வைத்து, அதில் கூ, நி, தி என்று குறித்தால் போதும்.

குழப்பம் எங்கே வரும் என்று பார்க்க, தண்ணீர் நிறைந்திருக்கும் நாளில் இருட்டிய பிறகு மதுரை வண்டியூர் தெப்பக்குளத்தின் கரையில் நடந்து பாருங்கள். எதிர்க்கரை விளக்கு அசையாது. தண்ணீரில் அதன் நீள ஒளிக்கோடு மட்டும் உங்களைப் பார்த்தே திரும்பிக்கொண்டு வரும். விளக்கு நிலையன், கோடு கூடவரி. ஒரு காட்சியில் இரண்டு நடத்தை இருந்தால் இரண்டு அட்டை எழுத வேண்டும். இதை விட்டுவிடுவதால்தான் பல வகைப்பாடுகள் பாதியில் உடைகின்றன.

அடுத்தது அளவு. நிலையனையும் திரியனையும் அடியில் அளக்கலாம். கூடவரிக்கு அது நிற்கும் இடம் என்று ஒன்று கிடையாது, அதனால் பாகையில்தான் அளக்க முடியும். கையை முழுதாக நீட்டினால் சுண்டுவிரல் அகலம் ஏறக்குறைய 1 பாகை, மூடிய முட்டி 10, விரித்த சாண் 20க்குச் சற்று மேல். 'அகல் வட்டம் பகல் மழை' என்று நம் ஊரில் சொல்வது அளவை வைத்துக் காரணத்தைப் பிரிக்கும் அருமையான முறை. நிலாவைச் சுற்றி ஒரு சாண் தள்ளி நிற்கும் வட்டம், உயரத்து மென்மேகத்தின் பனிப்படிகங்களால் 22 பாகை ஆரத்தில் உண்டாவது. நிலாவை ஒட்டிய சிறு வளையத்துக்குக் காரணம் பெரும்பாலும் நீர்த்துளிகள். உங்கள் நாட்டிலும் அளவு மாறினால் காரணம் மாறட்டும்.

மூன்றாவது, ஒளியின் பிறப்பு: தானே எரிவது (தா), வாங்கித் தருவது (வா), சேர்த்து வைத்து விடுவது (சே). மூலத்தை அணைத்தால் தெரிந்துவிடும். ஆனால் நிலா வட்டத்துக்குக் கட்டைவிரலால் நிலாவை மறைப்பது சோதனை ஆகாது. உங்கள் கண்ணுக்குத்தான் நிலா மறைகிறது, படிகங்களில் விழும் ஒளி அப்படியே இருக்கிறது. நிலா மறையும் வரை காத்திருக்கத்தான் வேண்டும். மூலம் போனதும் வா உடனே போகும், சே மெல்லத் தேயும், தா அப்படியே இருக்கும்.

மதுரைப் பக்கத்து யானைமலையை மனதில் வைத்து 'ஆனைக்கரட்டு நாடு' என்று ஒன்றை உண்டாக்கினால், பகல் வெயிலைக் குடித்து இரவில் விடும் பாறையொளிக்கு அட்டை இப்படி இருக்கும்: பாறைமூச்சு, நி–சே–60 அடி. தேயும் நேரம்: இரண்டு நாழிகை. மழைக்கால மேகமூட்டத்தில் இது மங்க வேண்டும். மங்காவிட்டால் 'சே' தவறு.

அட்டையின் அடியில் 'மீறிய விதி' என்று ஒரு வரி விடுங்கள். ஓர் ஒளிக்கு ஒரு மீறல், அதற்கு மேல் வேண்டாம். வானவில்லை ஊன்றி வைத்தீர்கள் என்றால் கூ என்பது நி ஆகிவிடும். அதன் அடியை நடந்தே தொடலாம், அங்கே ஊர் எழும்பும், எல்லைத் தகராறு வரும். நம் உலகில் சூரியன் 42 பாகைக்கு மேல் ஏறினால் சமதரையில் நிற்பவருக்கு வில் கிடையாது. அந்த ஊருக்கு உச்சிவேளையிலும் வில் உண்டா என்பதை முதலிலேயே முடிவு செய்யுங்கள். கதையின் பாதி அங்கேதான் கிடக்கிறது.

'இதர' என்று ஒரு பெட்டி கட்டாயம் வேண்டும். அதில் ஒரே குணமுள்ள மூன்று அட்டைகள் சேர்ந்தால் புது வகை திறக்கலாம். ஒற்றை அட்டைக்காகத் திறக்காதீர்கள்.

இருபது அட்டை எழுதியதும் குறியீட்டை மறைத்து, விவரத்தை மட்டும் இரண்டு பேரிடம் தனித்தனியே கொடுத்து வகை பிரிக்கச் சொல்லுங்கள். நான்குக்கு மேல் முரண்பட்டால் ஆட்களைக் குறை சொல்ல வேண்டாம், கேள்வியின் வாசகத்தைத் திருத்துங்கள். பெரும்பாலும் தடுக்குவது வா, சே இரண்டுக்கும் நடுவில்தான். மூலம் போன பிறகு எத்தனை நொடி ஒளி நின்றால் சே என்று ஓர் எண்ணை எழுதிவிட்டால் அது தீரும். நிறத்தை இதற்குப் பிறகு எழுதுங்கள், பார்த்த நேரத்தையும் பக்கத்திலேயே குறித்து.