ஊருக்குப் போற பொயின்ற்ஸை ரோஸ்ரருக்குக் குடுக்காதேங்கோ

கனடாவில எங்கட ஆக்களின்ர வீடுகளில ஏரோபிளான் எண்ட எயார் கனடா பொயின்ற்ஸ் திட்டத்தின்ர காட் ஒண்டெண்டாலும் இருக்கும். கடைச் சாமான், பெற்றோல், பிள்ளையின்ர நீச்சல் வகுப்பு எல்லாத்துக்கும் அதைத்தான் தட்டுறது, ரெண்டு மூண்டு வருசத்தில ஒரு லட்சம் பொயின்ற்ஸ் சத்தமில்லாமச் சேர்ந்து கிடக்கும், பேந்து ஒருநாள் பொழுது போகாம அந்தத் தளத்துக்குள்ள போய் கிஃப்ற் காட், ஹெட்ஃபோன், ரோஸ்ரர் எண்டு கிளிக் பண்ணி முடிச்சுப்போட்டு, ஊருக்குப் போக வேண்டி வரேக்க ஸ்காபரோவில ஏஜென்சிக்காரரோட ஐம்பது டொலருக்கு நிண்டு பேரம் பேசுவினம். ஊருக்குப் போற எண்ணம் இருக்கிற ஆக்கள் பொயின்ற்ஸை ரிக்கற்றுக்கு மட்டும்தான் வச்சிருக்க வேணும், அதுவும் எல்லா ரிக்கற்றுக்கும் இல்லை.

கணக்கு லேசுதான். நீங்க போற நாளுக்கு அந்த பிளைட் காசுக்கு எவ்வளவு எண்டு பாருங்கோ, பொயின்ற்ஸில எடுத்தாலும் கட்ட வேண்டி வாற ரக்ஸை அதில கழியுங்கோ, மிச்சத்தைப் பொயின்ற்ஸால பிரியுங்கோ. உதாரணத்துக்கு ரிக்கற் 1,800 டொலர், ரக்ஸ் 150, கேக்கிற பொயின்ற்ஸ் 75,000 எண்டு வையுங்கோ. 1,650ஐ 75,000ஆல பிரிச்சா ஒரு பொயின்ற்றுக்கு 2.2 சதம் வருது, நல்ல விலை. அதே ரிக்கற் ஒக்ரோபர் மாசம் 1,100 டொலருக்கு விழுந்தா ஒரு பொயின்ற் 1.3 சதத்துக்கும் கீழ, அப்ப பேசாமக் காசைக் குடுத்துப் போங்கோ, போற பயணத்துக்குப் புதுப் பொயின்ற்ஸும் கிடைக்கும். கிஃப்ற் காட்டில ஒரு சதம்கூடத் தேறாது.

அப்ப எப்ப எடுக்கிறது? யூலை ஓகஸ்ற் பள்ளிக்கூட லீவு, டிசம்பர் லீவு, இந்த ரெண்டுக்கும் காசு விலை நெருப்பு, அதுக்கு எடுக்கலாம். ஆனா என்னைக் கேட்டா பொயின்ற்ஸின்ர உண்மையான பெறுமதி வேற இடத்தில இருக்கு.

அம்மாவுக்குக் கடுமை, ஐசியூவில விட்டிருக்கு எண்டு இரவு ரெண்டு மணிக்குப் போன் வருது. நாளைக்கே வெளிக்கிட வேணும், எப்ப திரும்பி வாறதெண்டு தெரியாது, ஒரு கிழமையில எழும்பி நடக்கவும் கூடும், இல்லாட்டி செத்தவீடு, எட்டு, 31ஆம் நாள் அந்தியேட்டி எண்டு இழுபட்டுத்தான் வரவேண்டியிருக்கும். இந்த நேரத்தில காசுக்கு ரிக்கற் பாத்தா நாளைக்கிற விலை நாலு கிழமைக்குப் பிறகு இருக்கிற விலையை விட கனக்கக் கூட இருக்கும், வன்வே மட்டும் கேட்டா சில நேரம் போய்வாற விலைக்குக் கிட்டச் சொல்லுவாங்கள். பொயின்ற்ஸில அப்படி இல்லை. எயார் கனடாவின்ர சொந்த பிளைட்டுகளுக்கும் ஒரு சில பார்ட்னருக்கும் (ஏரோபிளானோட சேர்ந்த மற்ற எயார்லைன்) விலை ஏறி இறங்கும், மற்றப் பார்ட்னர்களில கனபேருக்குத் தூரத்தை வச்சுப் போட்ட அட்டவணைதான், நாளைக்குப் போனாலும் அதே விலை, பத்து மாசத்துக்குப் பிறகு போனாலும் அதே விலை. வன்வே எண்டா போய்வாறதின்ர சரிபாதி. விற்காமக் கிடக்கிற சீற்றுகளைக் கடைசிக் கிழமையில பொயின்ற்ஸுக்குத் திறந்து விடுற எயார்லைன்களும் இருக்கு. அதால வீட்டில ஒராள் ஒரு பக்கம் போறதுக்குக் காணுமான பொயின்ற்ஸை எப்பவும் தொடாம வச்சிருங்கோ, ரெண்டாள் போகக் கூடியதா இருந்தா இன்னும் நல்லம். கூடவே பாஸ்போட்டில ஆறு மாசம் செல்லுபடி இருக்கோ எண்டு வருசத்தில ஒருக்காப் பாத்து வையுங்கோ, இலங்கைக்குள்ள போக எடுக்கிற ஈரிஏ அனுமதியை ஒன்லைனில போடலாம், ஆனா பாஸ்போட் முடிஞ்சிருந்தா எத்தினை லட்சம் பொயின்ற்ஸ் இருந்தும் எயார்போட்டில மறிச்சுப்போடுவாங்கள்.

இனி எந்த வழியால போறதெண்டு பாப்பம். ஏரோபிளான் ஸ்டார் அலையன்ஸ் எண்ட எயார்லைன் கூட்டத்தைச் சேர்ந்தது, அதுக்குள்ள கொழும்புக்கு வாறதெண்டா டேர்கிஷ் இஸ்தான்புல் வழியா வருது, எயார் இந்தியா டெல்லி வழியா, சிங்கப்பூர் எயார்லைன்ஸ் சுத்திக்கொண்டு வாற வழி. சென்னைக்கெண்டா பிராங்பேட்டிலயிருந்து லுஃப்தான்சாவும் இருக்கு. ஸ்டார் அலையன்ஸுக்கு வெளியில எமிரேற்ஸும் எதிஹாடும் ஏரோபிளான் பார்ட்னர்தான், ரெண்டும் கொழும்புக்கு வருது. ஏரோபிளான் கணக்கில இலங்கையும் இந்தியாவும் ஐரோப்பாவோட சேர்த்து அட்லாண்டிக் வலயத்துக்குள்ள வரும். ரொறன்ரோவிலயிருந்து கொழும்போ சென்னையோ எப்படிப் போனாலும் 8,000 மைலைத் தாண்டும், அதால அட்டவணையில ஆகக் கூடின படியில நிப்பீங்க, கிட்டின வழி தேடி மினக்கெட்டுப் பொயின்ற்ஸ் மிச்சம் பிடிக்க ஏலாது. 2020 நவம்பரில ஏரோபிளானை மாத்தி அமைச்சதில வந்த பெரிய நன்மை என்னெண்டா எயார்லைன்காரர் போடுற சார்ஜைப் பொயின்ற்ஸ் ரிக்கற்றில வாங்கிறேல்லை, எயார்போட் ரக்ஸும் பார்ட்னர் பிளைட்டுக்கு 39 டொலரும்தான். முதல் அந்தச் சார்ஜே சில வழிகளில நூற்றுக்கணக்கில வந்தது, அந்தக் காலத்தில எடுத்துக் கை சுட்ட ஆக்கள்தான் இப்பவும் 'பொயின்ற்ஸில எடுத்தாலும் அரைவாசிக் காசு கட்ட வேணும்' எண்டு சொல்லிக்கொண்டு திரியினம்.

இன்னொண்டு கனபேருக்குத் தெரியாது. 5,000 பொயின்ற்ஸ் கூடக் குடுத்தா வன்வே ரிக்கற்றிலயே நடுவில ஒரு ஊரில இறங்கி நிண்டு போகலாம், 45 நாள் வரைக்கும், கனடா அமெரிக்காவுக்குள்ள மட்டும் ஏலாது. எங்கட சனம் உலகம் முழுக்கச் சிதறிக் கிடக்குது, சூரிச்சில சித்தி, பாரிஸில பெரியப்பாவின்ர மகள், பத்து வருசமா 'வா வா' எண்டு கூப்பிடுகினம். ரொறன்ரோவிலயிருந்து சூரிச் போய் ஒரு கிழமை நிண்டு, அங்கயிருந்து இஸ்தான்புல் வழியா கொழும்பு எண்டு ஒரே ரிக்கற்றாப் போட்டா அந்த 5,000தான் மேலதிகச் செலவு, தனியா ஐரோப்பாவுக்கு ஒருக்காப் போய்வாறதை யோசிச்சுப் பாருங்கோ. கலியாணவீட்டுக்குப் போறவை சென்னையில நிண்டு தியாகராய நகரில சேலை எடுத்துக்கொண்டு எயார் இந்தியாவில கொழும்புக்குப் போகலாம், ஆனா கனடா பாஸ்போட்டுக்கு இந்திய விசா வேணும் எண்டதை முதலே யோசியுங்கோ.

தேடுற விதமும் ஒண்டு இருக்கு. குடும்பத்தில நாலு பேர் எண்டு நாலையும் போட்டு ரொறன்ரோ கொழும்பு எண்டு தேடினா 'சீற் இல்லை' எண்டுதான் வரும், உடன கம்பியூட்டரை மூடிப்போட்டு பொயின்ற்ஸ் சும்மா ஏமாத்து எண்டு சொல்லக் கூடாது. முதல் ஒராளுக்குத் தேடுங்கோ, பேந்து ரெண்டு. மூண்டாவது ஆளுக்கு விலை கூடுதோ இல்லையோ எண்டு அப்ப தெரியும், ரெண்டு ரெண்டாப் பிரிச்சு ஒரு நாள் வித்தியாசத்தில போறதும் ஒரு வழி. அட்லாண்டிக் கடக்கிறதுக்குச் சீற் கிடைக்கும், கஷ்டம் கடைசித் துண்டிலதான், அதால இஸ்தான்புல் கொழும்பு, டெல்லி கொழும்பு எண்டு அந்தத் துண்டை முதல் தனியாத் தேடி நாளைப் பிடிச்சுக்கொண்டு பிறகு மிச்சத்தை அதோட கோத்துக்கொள்ளுங்கோ. கைக்குழந்தை மடியில இருக்கிறதெண்டா ஏரோபிளானில ஒரு பக்கத்துக்கு 25 டொலர் அல்லது 2,500 பொயின்ற்ஸ், காசு ரிக்கற்றில எடுக்கிற பத்து வீதத்தோட ஒப்பிட்டா இது ஒண்டுமில்லை. குடும்பத்தில எட்டுப் பேர் வரைக்கும் பொயின்ற்ஸை ஒண்டாச் சேர்க்கலாம், அம்மம்மாவின்ர கணக்கில கிடக்கிற 6,000த்தையும் விடாதேங்கோ.

நல்லூர்க் கந்தன் கோயிலுக்குப் போறவைக்கு நேரம்தான் எல்லாம். 25 நாள் திருவிழா, நாள் ஒவ்வொரு வருசமும் மாறும், கொடியேற்றமும் தேரும் எப்ப எண்டு பஞ்சாங்கம் பாத்து ஊரில ஆரையும் கேட்டு எடுத்துக்கொள்ளுங்கோ. ஏரோபிளானிலயும் பிரிட்டிஷ் எயார்வேய்ஸிலயும் 355 நாளுக்கு முதலே பொயின்ற்ஸ் சீற் திறக்கத் தொடங்கும், அதாவது இந்த வருசத் தேர் முடிஞ்ச கையோட அடுத்த வருசத்துக்குத் தேடத் தொடங்கினாத்தான் சரி. மே மாசம் எழும்பி யூலைக்குத் தேடினா அகப்படுறது முப்பத்தாறு மணித்தியாலம் சுத்துற வழிதான். நாள் பிழைச்சாலும் பயமில்லை, பொயின்ற்ஸ் ரிக்கற்றைக் கட்டணம் கட்டிக் கான்சல் பண்ணி பொயின்ற்ஸைத் திரும்ப எடுக்கலாம், ஏஜென்சியில எடுக்கிற மலிவு ரிக்கற்றில அந்த வசதி அனேகமா இல்லை.

லண்டன் ஆக்களுக்குக் கதை வேற. அங்க பிரிட்டிஷ் எயார்வேய்ஸின்ர பொயின்ற்ஸான ஏவியோஸ்தான் ராசா. பிரிட்டிஷ் எயார்வேய்ஸ் சென்னைக்குப் போகும், கொழும்புக்கெண்டா ஸ்ரீலங்கன் 2014இலயிருந்து பிரிட்டிஷ் எயார்வேய்ஸ் இருக்கிற வன்வேர்ல்ட் எயார்லைன் கூட்டத்தில இருக்கிறபடியா ஹீத்ரோவிலயிருந்து கட்டுநாயக்கா எயார்போட்டுக்கு நேரடியா ஏவியோஸில எடுக்கலாம், கட்டார் எயார்வேய்ஸும் அதே ஏவியோஸைத்தான் பாவிக்குது, ரெண்டு கணக்கையும் இணைச்சு அங்கயும் இங்கயும் மாத்தலாம். இங்க பாக்க வேண்டினது ஏவியோஸ் எண்ணிக்கையை இல்லை, கடைசிப் பக்கத்தில காட்டுற காசை. எயார்லைன் போடுற சார்ஜும் பிரிட்டன் அரசாங்கம் வெளிக்கிடேக்க வாங்கிற பயண வரியும் சேர்ந்து சில நாளில மலிவு ரிக்கற்றின்ர அரைவாசிக்கு வந்து நிக்கும், அப்ப மேல சொன்ன கணக்கைப் போட்டுப் பாருங்கோ. 16 வயசுக்குக் கீழ பிள்ளையளுக்கு எக்கொனமியில அந்த வரி இல்லை. கொழும்பிலயிருந்து வெளிக்கிடுற வன்வேக்கும் பிரிட்டன் வரி இல்லை, அதால போறதுக்குக் காசும் வாறதுக்கு ஏவியோஸும் எண்டு பிரிச்சு எடுக்கிற ஆக்களும் இருக்கினம், கெட்டித்தனம்தான்.

கட்டுநாயக்காவில இறங்கினாலும் யாழ்ப்பாணத்துக்கு இன்னும் கிட்டத்தட்ட 400 கிலோமீற்றர் இருக்கு. அதுக்குப் பயந்து சிலபேர் சென்னை வரைக்கும் பொயின்ற்ஸில போய் அங்கயிருந்து பலாலிக்குச் சின்ன பிளைட்டில ஏறுகினம். 2019இல சர்வதேச விமான நிலையமாத் திறந்த பலாலிக்கு இப்ப இண்டிகோ சென்னையிலயிருந்து ஓடுது. நல்ல யோசனைதான், ஆனா சென்னை வரைக்கும் போறதும் அங்கயிருந்து பலாலிக்குப் போறதும் வேற வேற ரிக்கற். அப்ப சென்னையில இறங்கிப் பெட்டியை எடுத்து வெளியில வந்து திரும்ப உள்ள போக வேணும், அதுக்கும் இந்திய விசா தேவை. முதல் பிளைட் பிந்தினா ரெண்டாவதுக்காரன் பொறுப்பெடுக்க மாட்டான். ஓடுறது ஏரிஆர் எண்ட சின்ன விமானம், கனடாவிலயிருந்து கட்டிக்கொண்டு வாற ரெண்டு 23 கிலோப் பெட்டியையும் அப்படியே ஏத்துவான் எண்டு நினைக்காதேங்கோ, மேலதிக கிலோவுக்கு அறவிடுறதிலயே மிச்சம் பிடிச்ச காசு போயிடும். பெரிய சாமானோட போறவை கொழும்பில இறங்கி வான் பிடிக்கிறது புத்தி.

கடைசியா, சேர்க்கேக்க நடக்கிற இழப்பு. எங்கட பேரின்ர கரைச்சல் தெரியும்தானே, அப்பாவின்ர பேர் முன்னுக்கோ பின்னுக்கோ, கலியாணத்துக்குப் பிறகு பாஸ்போட் மனுசன்ர பேரில, பொயின்ற்ஸ் கணக்கு இன்னும் அப்பாவின்ர பேரில. ரிக்கற்றில இருக்கிற பேரும் கணக்கில இருக்கிற பேரும் ஒத்து வராட்டி பொயின்ற்ஸ் ஏறாமப் போகக்கூடும். போறதுக்கு முதல் கணக்கின்ர பேரைப் பாஸ்போட்டில இருக்கிறமாதிரி மாத்துங்கோ. ஏஜென்சியிட்ட ரிக்கற் எடுக்கேக்க எந்த வகுப்பு எழுத்து (ரிக்கற் எந்த விலை வகை எண்டு காட்டுற எழுத்து) எண்டும் கேளுங்கோ, ஆகக் குறைஞ்ச விலை ரிக்கற்றுகளில சிலதுக்கு வேற எயார்லைனின்ர கணக்கில ஒரு பொயின்ற்றும் விழாது, குரூப் ரிக்கற்றுக்கும் அப்படித்தான். சீற் எடுத்துப் போற பிள்ளையளுக்கும் தனித்தனிக் கணக்குத் திறவுங்கோ. ஏரோபிளானில 18 மாசம் ஒரு அசைவும் இல்லாட்டி எல்லாம் செத்துப்போகும், ஏவியோஸுக்கு 36 மாசம், அதுக்கு முதல் சின்னதா ஏதும் வாங்கிப் பொயின்ற்ஸ் ஏறினாலே உயிரோட இருக்கும். திரும்பி வந்த பிறகு போன பிளைட் எல்லாம் கணக்கில ஏறியிருக்கோ எண்டு ஒவ்வொண்டாப் பாருங்கோ, ஒண்டு குறைஞ்சாலும் ரிக்கற் நம்பரும் போர்டிங் பாஸும் குடுத்துக் கேட்டு வாங்கலாம், அதால அந்தத் துண்டை வீடு கூட்டேக்க குப்பைக்குள்ள போட்டுடாதேங்கோ.